பிசிறில்லாத முகங்கள்

2006-ல் ஸ்ரீபெரும்புதூர் சிப்காட்டில் நோக்கியா ஆலை ஓடத் தொடங்கியபோது ஊரில் பார்க்கிற சட்டைப்பையில் எல்லாம் நோக்கியா 1100 இருந்தது. அதன் திரை அகலத்தில் 96 புள்ளி, உயரத்தில் 65 புள்ளி. பெருக்கினால் 6,240. அதில் சாய்கோடோ வளைவோ எது வந்தாலும் விளிம்பு படிப்படியாக இறங்குவது வெறுங்கண்ணுக்கே தெரியும். அதை ஒருவரும் குறையாகச் சொன்னதில்லை. 2022-ல் அதே நெடுஞ்சாலையில், சுங்குவார்சத்திரம் ஃபாக்ஸ்கான் ஆலையில் ஐபோன் 14 தயாராகத் தொடங்கியது. அதன் திரையில் ஏறக்குறைய 30 லட்சம் புள்ளிகள்; ஓர் அங்குலத்துக்கு 460. கையில் வைத்துப் பார்க்கும் தூரத்தில் அந்தப் படிகள் சாதாரணக் கண்ணுக்குப் பிடிபடாது.

இந்த இரண்டு திரைகளுக்கும் இடைப்பட்ட காலம் முழுக்க நான் இந்தச் சாலையில்தான் கடை வைத்திருக்கிறேன். போட்டோ ஸ்டுடியோ, டிடிபி, ஃப்ளெக்ஸ் டிசைன், ஸ்டிக்கர் கட்டிங். எதற்காக வந்தாலும் கடைசியில் வேலை ஒன்றுதான்: படத்தின் விளிம்பில் இருக்கிற பிசிறை எடுப்பது.

ஆரம்பத்தில் வந்ததெல்லாம் லோகோ. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-ல் கார் செய்ய ஆரம்பித்த பிறகு அதற்கு உதிரிபாகம் கொடுக்கிற சின்னச் சின்னப் பட்டறைகள் சுற்றிலும் முளைத்தன. முதலாளி ஒரு விசிட்டிங் கார்டை நீட்டி, "இதே மாதிரி கேட்டுக்கு எட்டடி போர்டு" என்பார். கார்டில் லோகோ சுண்டுவிரல் நகம் அளவு. ஸ்கேன் செய்து பெரிதாக்கினால் வட்டமெல்லாம் பல்வரிசையாக நிற்கும்.

அதற்குப் போட்டோஷாப்பில் ஒரு பழைய வழி உண்டு. இன்றும் அதை விட்டுவிடவில்லை. படத்தை நான்கு மடங்கு பெரிதாக்க வேண்டும். பிறகு காஸியன் பிளர். கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே இருந்த படிகள் கரைந்து சாம்பல் நிறச் சரிவாகிவிடும். அடுத்து லெவல்ஸைத் திறந்து, இரண்டு ஓரத்து முக்கோணங்களையும் நடுவுக்கு நெருக்க வேண்டும். பாதிக்கு மேல் கறுத்தது முழுக் கறுப்பாகும், பாதிக்குக் கீழே இருப்பது முழு வெள்ளையாகும். இரண்டும் பிரிகிற அந்தக் கோடு படிகளின் மேல் ஏறி இறங்காமல், அவற்றின் சராசரி வழியாக வழுக்கிக்கொண்டு போகும். விளிம்பு நேராகிவிடும். கூர்மையான மூலைகள் மட்டும் மழுங்கும். அவற்றைக் கையால் திருத்தித்தான் ஆக வேண்டும்.

இதன் அடிப்படை எளிது. திரையின் ஒரு புள்ளியைக் கோடு பாதி மட்டும் மூடினால் அதை முழுக் கறுப்பாகவும் வைக்கக் கூடாது, முழு வெள்ளையாகவும் விடக் கூடாது. பாதிச் சாம்பல் கொடுக்க வேண்டும். கால்வாசி மூடினால் கால்வாசிச் சாம்பல். தள்ளி நின்று பார்க்கும் கண் மீதியை நிரப்பிக்கொள்ளும். கணினிப் படங்களில் இந்தப் படிகள் ஏன் வருகின்றன, எப்படிப் போக்குவது என்று பிராங்க்ளின் குரோ 1977-லேயே ஆய்வுக்கட்டுரை எழுதிவிட்டார். நாங்கள் 'ஆன்டி-ஏலியாஸ்' என்று சொல்லி ஒரு கட்டத்தில் டிக் அடிக்கிற சங்கதி அதுதான்.

தமிழ் எழுத்துக்கு இது உயிர்நாடி. ஆங்கிலத்தில் 'எச்', 'ஈ' போன்ற எழுத்துகள் நேர்கோடுகளாலேயே முடிந்துவிடும். நம்முடைய 'ஐ', 'ஞ', 'ணு' எல்லாம் சுழியும் வளைவும். சிறிய அளவில் ஆன்டி-ஏலியாஸ் இல்லாமல் போட்டால் சுழி அடைத்துக்கொள்ளும், புள்ளி எழுத்தின் தலையோடு ஒட்டிக்கொள்ளும். அளவுக்கு மீறி மிருதுவாக்கினாலோ எழுத்து நனைந்தது போலாகும். போட்டோஷாப் தரும் வகைகளில் சின்னத் தமிழ் எழுத்துக்கு 'கிரிஸ்ப்' போதும் என்பது என் தீர்மானம்.

ஸ்டிக்கர் கட்டிங் மட்டும் இந்தக் கணக்குக்குள் வராது. ஒரகடத்தில் 2010-ல் ரெனோ-நிசான் ஆலை வந்தது. அதையொட்டி மற்றவர்களும் வர, ஷிஃப்டுக்கு ஆள் ஏற்றும் வேன்களும் பேருந்துகளும் பெருகின. ஒவ்வொன்றின் கண்ணாடியிலும் கம்பெனிப் பெயர், வழித்தடம், பின்னால் ரேடியம் ஸ்டிக்கர். ஸ்டிக்கரை வெட்டுகிற பிளாட்டர் இயந்திரத்தின் கத்திக்குச் சாம்பல் நிறம் தெரியாது. வெட்டும், இல்லாவிட்டால் வெட்டாது. படியோடு இருக்கிற படத்தைக் கோரல்டிராவில் அப்படியே டிரேஸ் கொடுத்தால் படிக்கு ஒரு நோட், அதாவது கோடு திரும்புகிற முனை, விழும். ஒவ்வொரு நோடிலும் கத்தி தயங்கித் திரும்பும். அந்தச் சின்னச் சின்ன முனைகளில்தான் வெயிலும் புழுதியும் பட்டு ஸ்டிக்கர் முதலில் கிளம்பும். அதனால் பென் டூலை எடுத்து, ஒரு வளைவுக்கு இரண்டு மூன்று நோடோடு கையாலேயே வரைந்துவிடுவேன். நேரம் பிடிக்கும். ஆனால் வண்டி பழசாகிற வரை எழுத்து உரியாது.

ஆட்கள் படம் வேறு. பயோடேட்டாவில் ஒட்டவும் பாஸ்போர்ட் சைஸுக்கும் செய்யாறு, வந்தவாசி, விழுப்புரம் பக்கத்திலிருந்து பிள்ளைகள் வருவார்கள். பின்னணியை வெட்டி நீலமோ வெள்ளையோ வைக்க வேண்டும். பென் டூலால் தலையைச் சுற்றி வந்தால் பறக்கிற முடியெல்லாம் போய்விடும்; விட்டுவைத்தால் பழைய சுவரின் நிறம் முடியோரத்தில் தங்கிவிடும். 2014 நவம்பர் 1-ல் நோக்கியா ஆலை மூடியது. அதன் பிறகு வேலை தேடி வந்தவர்களில் சிலர் பழைய அடையாள அட்டையில் இருந்த படத்தையே ஸ்கேன் செய்து போடச் சொன்னார்கள். அச்சுப் புள்ளிகள் எல்லாம் முகத்தில் தெரியும். அந்தப் படத்தில்தான் சிரித்திருக்கிறேன் என்றார் ஒரு பெண். அந்தப் புள்ளிகளை ஒவ்வொன்றாக அடக்கிக் கொடுத்தேன்.

இப்போது அந்த முடி வேலை ஒரே தட்டில் முடிகிறது. போனே பின்னணியை வெட்டித் தருகிறது, பறக்கிற முடி உட்பட. நல்ல காரியம், அரை மணி நேரம் உட்கார்ந்து வெட்டியவனாகச் சொல்கிறேன். ஆனால் கடைக்கு வருகிற படங்களின் தரம் பழைய ஸ்கேனைவிடக் கீழே போய்விட்டது. இவ்வளவு நுணுக்கமான திரைகளைக் கையால் பூட்டுகிறவர்கள் நம் பிள்ளைகள். அவர்கள் கொண்டுவருவதோ, ஒருவர் அனுப்பி, இன்னொருவர் ஸ்கிரீன்ஷாட் எடுத்து, மூன்றாமவர் ஓரம் வெட்டி அனுப்பிய படம். ஜேபெக் முறை படத்தை எட்டுக்கு எட்டு புள்ளிக் கட்டங்களாகப் பிரித்துத்தான் சுருக்குகிறது. திரும்பத் திரும்பச் சுருக்கினால் அந்தக் கட்டங்களே கன்னத்தில் தெரிய ஆரம்பிக்கும். படிக்கட்டு விளிம்பைச் சரிசெய்யலாம், கோடு எங்கே போகிறது என்பது தெரியும். கட்டத்துக்குள் அழிந்த முகத்தை எந்த மென்பொருளாலும் மீட்க முடியாது. ஊகித்து வரையத்தான் முடியும்.

இது உறைப்பது கண்ணீர் அஞ்சலி பேனரில்தான். ஒரகடத்தில் ஒரு பிரஸ் ஷாப்பில் வேலை பார்க்கும் தம்பி ஒருவர் அம்மாவையும் அழைத்துக்கொண்டு வந்தார். அப்பா தவறிப் பத்து நாள் ஆகியிருந்தது. வீட்டில் இருந்த ஒரே படம் ஆதார் அட்டையில் இருந்தது. அதை ஏதோ ஒரு ஆப்பில் போட்டுப் பளபளவென்று ஆக்கி வைத்திருந்தார். இமைமுடி ஒவ்வொன்றும் எண்ணலாம் போல் இருந்தது. திரையில் திறந்ததும் அந்த அம்மா கொஞ்ச நேரம் பார்த்தார்.

"யாருப்பா இது? அவருக்குக் கன்னம் பூரா அம்மைத் தழும்பாச்சே."

தம்பிக்கு முகம் வாடிவிட்டது. "தெளிவா வரணும்னுதாண்ணா பண்ணேன்."

"தப்பில்ல தம்பி. கம்பெனியில பிசிறு எடுக்கறீங்க இல்ல? எடுக்கும்போது பீஸோட அளவு மாறிட்டா?"

"ரிஜெக்ட்டுண்ணா."

அதற்கு மேல் நான் விளக்க வேண்டியிருக்கவில்லை. தகட்டை அடித்து எடுத்ததும் ஓரத்தில் நிற்கிற பிசிறை அரத்தால் எடுப்பார்கள். வரைபடத்தில் உள்ள அளவைத் தொட மாட்டார்கள். ஆப் செய்தது அளவை மாற்றியது. ஆயிரக்கணக்கான முகங்களைப் பார்த்துப் பழகிய நிரல் அது. இந்த முகத்தில் இல்லாததை அந்த முகங்களிலிருந்து எடுத்து நிரப்புகிறது. தழும்பு அதற்குப் பிசிறாகத் தெரிந்திருக்கிறது.

நல்ல பாஸ்போர்ட் படத்தையே 300 டிபிஐயில் ஸ்கேன் செய்தால் 413-க்கு 531 புள்ளிதான் கிடைக்கும். அதை நாலடி அகலத்துக்கு இழுத்தால் ஒவ்வொரு புள்ளியும் ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் சதுரமாகும். பத்து மீட்டர் தள்ளி நின்றால் சாதாரணக் கண்ணுக்கு அது தெரியாது. கட்சிப் பேனரை நெடுஞ்சாலையிலிருந்து பார்ப்பார்கள், அதனால் அதில் எதுவும் செல்லும். அப்பாவின் பேனரைப் பக்கத்தில் நின்று பார்ப்பார்கள். பேரப்பிள்ளை தொட்டுப் பார்க்கும். அங்கே பெரிய முகம் வேண்டுமென்று பிடிவாதம் பிடிப்பதில் அர்த்தமில்லை.

அட்டையை மறுபடி ஸ்கேன் செய்தேன். முகத்தை ஒன்றரை அடியோடு நிறுத்திக்கொண்டு, பேரையும் ஊரையும் பெரிய எழுத்தில் போட்டேன். தோள், சட்டைக் காலர், தலையின் வெளிக்கோடு எல்லாம் பிசிறில்லாமல் நேர்செய்தேன். முகத்துக்குள் பெரிதாக்கியதோடு சரி. புள்ளிகள் துருத்தாமல் இருக்கக் கொஞ்சம் நாய்ஸ் மட்டும் சேர்த்தேன். தழும்பு தழும்பாகவே இருந்தது. "இப்ப அவருதான்" என்றார் அந்த அம்மா.

மணமக்கள் படத்திலும் இதே கதை நடக்கிறது. மாப்பிள்ளையின் மாநிறம் போய்விடுகிறது, பெண்ணின் மூக்கருகே இருந்த மச்சம் போய்விடுகிறது. அவர்களுக்கு அது பிடித்திருந்தால் அது அவர்கள் முகம், அவர்கள் விருப்பம். நான் மறுத்துப் பேசுவதில்லை. இறந்தவரிடம் போய் யாரும் சம்மதம் கேட்க முடியாது. அவர் முகத்தை இருந்தபடியே வைப்பது நம் பொறுப்பு.

இதைப் படிக்கிறவர்களிடம் நான் கேட்டுக்கொள்வது இவ்வளவுதான். ஊருக்குப் போகும்போது அப்பா அம்மாவைப் பகல் வெளிச்சத்தில் வாசல் பக்கம் உட்காரவைத்து ஒரு படம் எடுங்கள். பியூட்டி மோடை அணைத்துவிட்டு எடுங்கள். வாட்ஸ்அப்பில் போட்டோவாக அனுப்பினால் சுருங்கிவிடும். டாக்குமென்ட்டாக அனுப்புங்கள், எடுத்த படம் எடுத்தபடியே போய்ச் சேரும். ஒரு பிரதியை மெயிலிலும் போட்டு வையுங்கள். என்றைக்காவது டிசைன் செய்பவரிடம் அதைக் கொடுக்க நேர்ந்தால், ஓரத்தையும் எழுத்தையும் எவ்வளவு வேண்டுமானாலும் நேர்செய்யச் சொல்லுங்கள். முகத்தைத் தொட வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.