புல்லைப் பறக்கவிடும் கலை

கேள்வி: கொடைக்கானல் கோல்ஃப் மைதானத்தில் ஒருவர் மட்டையை ஓங்கி வீசினார். புல் பறந்தது, பந்து அசையவில்லை. கூட இருந்தவர் ‘ஃபூஸில்’ என்றார். அது வாழ்த்தா, வசவா?
– வாசகர், பழனி

பதில்: வசவுதான், கோட்டு போட்ட வசவு. அடியைச் சொதப்புவதற்கு ஆங்கிலத்தில் அப்படி ஒரு சொல். அவசரமாக, அரைகுறையாக வேலை பார்ப்பதைக் குறிக்கும் ஜெர்மன் வட்டார வழக்கிலிருந்து வந்திருக்கலாம் என்கின்றன அகராதிகள். கோல்ஃப்காரர்கள்தான் அதை வளர்த்தார்கள். இப்போது அவர்களிடமும் அரிதாகிவிட்டது. சொல்தான், செயல் அல்ல!

தூண்பாறை போகும் வழியிலுள்ள அந்த மன்றம் 1895-இல் தொடங்கியது. வெள்ளைக்கார துரைமார் சொதப்பினால் ‘ஃபூஸில்’. பந்து பொறுக்கிய நம்மாள் வாய்க்குள் என்ன சொல்லியிருப்பான் என்பதை அச்சிட ஆசிரியர் விடமாட்டார்.

நம்மிடம் ‘மொத்து’ இருக்கிறது. அடியும் மொத்து, மந்தமான ஆளும் மொத்து. அடித்தவரையும் அடியையும் ஒரே சொல்லில் முடித்துவிடலாம்.

ஆனால் அவரைக் கேலி செய்யாதீர்கள். அந்தப் புல்வெளியில் காட்டுமாடுகள் மேய வரும்; பெரிய கடா ஒரு டன் எடைகூட இருக்கும். பந்து சரியாகப் பறந்து அதன் முதுகில் விழுந்தால், அடுத்து ஓட வேண்டியது பந்து அல்ல.