பேய் பிடித்தவரும் பேரரசர் பிடித்தவரும்

கேள்வி: ஹங்கேரி நடிகர் பேலா லுகோசியை டிராகுலா வேடம் கடைசிவரை விடவில்லையாமே! நம்மவர்களில் அப்படி யாராவது உண்டா?
(வாசகர், சவுத்தால், லண்டன்)

பதில்: உண்டு, பெயரளவில். அவரைப் பிடித்தது பேயல்ல, பேரரசர்!

புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் நடித்த லுகோசி, 1927-இல் பிராட்வே மேடையில் டிராகுலா ஆனார். 1931-இல் படத்திலும் அவரே. அப்புறம் பெரும்பாலும் பயமுறுத்தும் வேலைதான். 1956-இல் டிராகுலா அங்கியோடே அடக்கம் செய்தார்கள்.

இங்கே வி.சி. கணேசன், அண்ணாவின் 'சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்' நாடகத்தில் மராட்டியப் பேரரசர் சிவாஜியானார். பெரியார் சூட்டிய 'சிவாஜி' பட்டம் ஒட்டிக்கொண்டது, வேடம் ஒட்டவில்லை. 'பராசக்தி'யில் (1952) குணசேகரன், 'திருவருட்செல்வ'ரில் அப்பர், 'நவராத்திரி'யில் (1964) ஒன்பது பேர்!

மேடையிலிருந்து திரைக்கு வந்த 'வீரபாண்டிய கட்டபொம்மன்', 1960 கெய்ரோ ஆசிய-ஆப்பிரிக்கப் படவிழாவில் அவருக்குச் சிறந்த நடிகர் விருதைப் பெற்றுத் தந்தது.