ரெக்கோட் ஐயா

ஹட்டனிலிருந்து டிக்கோயா, நோர்வூட் என்று எந்தப் பக்கம் போனாலும் ஒரு ரெக்கோட் ஐயா இருப்பார். தோட்டத்து ஆபீசில் கிளாக்கராகவோ பெக்டரியில் டீமேக்கராகவோ இருந்து ஓய்ந்தவர். சேமலாப நிதி கைக்கு வந்ததும் கூரைத் தகரம் மாற்றலாம் என்றார் மனைவி. ஐயா இரண்டு ஸ்பீக்கர் வாங்கினார். இப்போது மழை நாளில் ஒழுக்குக்கு வைத்த வாளி ‘டொக் டொக்’ என்றால், “அந்தத் தாளத்த நிப்பாட்டு” என்று மனைவியிடமே கத்துவார்.

அவருடைய உயிர் ‘அன்னக்கிளி’ இசைத்தட்டு. 1976இல் இளையராஜாவின் முதல் படம். சிறிமா ஆட்சியின் இறக்குமதிக் கட்டுப்பாட்டில் பாணுக்கே வரிசையில் நின்ற காலத்தில் அது எப்படி ஹட்டனுக்கு வந்தது? சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியா போன சித்தப்பா, இராமேஸ்வரம் கப்பலில் வந்த ஒருவரிடம் கம்பளிக்குள் சுற்றிக் கொடுத்தனுப்பினாராம். போன தீபாவளிக்குக் கேட்டபோது அவர் சித்தப்பா அல்ல, பெரியம்மா.

இசைத்தட்டு இருப்பது பழைய தேயிலைப் பெட்டியில். உள்ளே ஈயத்தாள் ஒட்டிய பலகைப் பெட்டி. “லண்டனுக்குப் போன தூளே பூஞ்சணம் புடிக்கல, ராஜாவுக்குப் புடிக்குமா?” ஹட்டன் பனியை அறிந்தவர்கள் இதை மறுக்க மாட்டார்கள்.

கேட்கப் போனால் சோக்குக்கட்டியால் குறித்த இடத்தில்தான் நாற்காலி. பிளேன்டீ கிடையாது, கிளாசை வைத்தால் ஊசி அதிருமாம். தேயிலை ஊரில் விருந்தாளிக்குத் தேத்தண்ணி மறுக்கப்படும் ஒரே வீடு இதுதான். பாட்டு தொடங்கி இரண்டு வரி போகாது, ஊசியைத் தூக்கிவிடுவார்.

“தம்பி, பின்னால ஒருத்தர் மூச்சு விட்டது கேட்டுச்சா?”

கேட்கவில்லை என்றால் மறுபடி முதலிலிருந்து. கேட்டது என்றாலும் மறுபடி முதலிலிருந்து.

“ராஜா நம்ம தோட்டத்துப் புள்ள தம்பி” என்பார். முழுப் பொய்யுமில்லை. 1958இல் கேரளத்துத் தேவிகுளம் இடைத்தேர்தலில் மூணாறுத் தோட்டங்களைப் பாடியே கலக்கியவர் ராஜாவின் அண்ணன் பாவலர் வரதராஜன். அவர் பின்னால் ஆர்மோனியத்தோடு மேடை மேடையாகப் போய் வளர்ந்தவர்தான் இளையராஜா. லயத்தில் தாலாட்டும் ஒப்பாரியும் கேட்டு வளர்ந்த காதுக்கு அன்னக்கிளி மெட்டு புதிதல்ல. நம் அப்பாயி பாடும் மெட்டுக்கு வயலினும் கிட்டாரும் எழுந்து நின்று மரியாதை செய்தனவே, அதுதான் புதிது. அரை நூற்றாண்டாகியும் அந்தத் தட்டு தேயாததற்கு என் கணக்கில் காரணம் அதுதான். ஐயாவின் கணக்கில் காரணம் வைர ஊசி.

நடுவில் கரண்ட் போகும். ஐயா கலங்க மாட்டார். “அன்னக்கிளி மொதல் ரெக்கோடிங்லயே கரண்ட் போச்சு தம்பி, தெரியும்ல? நல்ல சகுனம்.” அது நிஜமாகவே நடந்தது; இளையராஜாவே சொல்லியிருக்கிறார்.

அந்த இருட்டில் அடுப்படியில் ரொட்டி தட்டியபடி ஐயாவின் மனைவி அதே பாட்டை முழுசாகப் பாடி முடிக்கப் போவார். முன்னறையிலிருந்து குரல் வரும்:

“ஸ்பீட் கூடுது, கொஞ்சம் கொறச்சிப் பாடு!”