தேம்ஸுக்குக் குழம்புச் சட்டி எதுக்கு, மாப்ளே?

ஏன் மாப்ளே, அந்தத் தூண்டில் வாங்கின காசுக்கு ஒரு கூடை மீனே வாங்கியிருக்கலாமே? சரி, ஆசைப்பட்டுட்டே. தேம்ஸுக்குக் கெளம்புறதுக்கு முன்ன இந்தக் காவிரிக்கரை மாமன் சொல்றதையும் கேட்டுக்க.

முதல்ல லைசென்ஸ் எடு. இல்லாம மாட்டினா 2,500 பவுண்டு வரைக்கும் தண்டம். அத்தனை காசு குடுத்தும் கைக்கு மீன் வராது. மார்ச் 15-லேர்ந்து ஜூன் 15 வரைக்கும் ஆத்து மீனுக்கு முட்டைக் காலம், தூண்டில் ஆகாது. நம்ம கடல்ல 61 நாள் விசைப்படகு போகாதுல்ல, அந்தக் கணக்குதான்.

டெடிங்டன் தடுப்பணைக்கு மேல உப்பேறாத தண்ணி. ரோச், ப்ரீம், பெர்ச் எல்லாம் அங்கதான். நாலு மீசையோட ஒருத்தர் வந்தா அவர் பார்பெல், நம்ம கெண்டைக்குச் சொந்தக்காரர், மரியாதையாப் பேசு. பைக்னு ஒரு மீன் வந்தா பேச்சே வேண்டாம், வாய் பூரா பல்லு, விரலைப் பத்திரமா வச்சுக்க. விலாங்கு மாட்டினா அப்பவே விட்டுடணும், சட்டம். அது முட்டை போட அட்லாண்டிக்கில சர்காசோ கடல் வரைக்கும் போகணும். போறது தாய், திரும்பி வர்றது குஞ்சு. ரெண்டுக்கும் விசா கேக்க ஆள் இல்ல. நீ பட்ட பாட்டை அதுக்கிட்டச் சொல்லி அழாதே.

பிடிச்சதை எடுத்துட்டு வரலாமான்னுதானே முழிக்கிறே? 20 சென்டிமீட்டருக்குள்ள இருக்கிற பொடிசுன்னா கொஞ்சம் எடுக்கலாம். பெரிய ரோச்சோ பார்பெலோ வந்தா விட்டுடணும். அந்தப் பொடிசையும் எடுக்க விடாத கிளப்புங்க உண்டு. மொத்தத்துல பொண்ணு பாக்கப் போற மாதிரிதான் மாப்ளே: பாக்கலாம், பல்லைக் காட்டலாம், கையோட கூட்டிட்டு வர முடியாது.

ரொம்பச் சிரிக்காதே. 1957-ல இந்த ஆறு செத்துப்போச்சுன்னு இங்கத்த இயற்கை வரலாற்று அருங்காட்சியகமே சொல்லிடுச்சு. சாக்கடைத் தண்ணியைச் சுத்தம் பண்ணிப் பண்ணித்தான் பொழைக்க வச்சாங்க. இப்போ 100 வகைக்கு மேல மீன் இருக்கு. நொய்யலைச் சாயப்பட்டறைக்குத் தாரை வார்த்த நாம சிரிக்கலாமா? சரி, கொஞ்சமாச் சிரிச்சுக்குவோம்.

குழம்புக்கு மீன் வேணும்னா விடியுமுன்ன பில்லிங்ஸ்கேட் சந்தைக்குப் போ. வீட்டுல நீ பிடிச்சதாவே சொல்லிக்க, நான் காட்டிக்குடுக்க மாட்டேன். கடல் மீனை மட்டும் வாங்கிட்டு வந்துடாதே. உன் மாமியா ராமேஸ்வரத்துக்காரி.