காண்டவ தகனமும் ஒரு சுருட்டும்

சுவேதகி என்னும் ராஜா பன்னிரண்டு வருஷ காலம் இடைவிடாமல் நடத்திய யாகத்தில் வார்த்த நெய்யையெல்லாம் மறுப்புச் சொல்லாமல் உண்டு தீர்த்த அக்கினி பகவான், கடைசியில் அஜீரணம் கண்டு, மேனி ஒளி மங்கி, பிரம்மாவிடம் போய் முறையிட்டதாகவும், அவர் சுக்குக் கஷாயம், இஞ்சிச் சாறு என்று எதுவும் சொல்லாமல், காண்டவ வனத்தை அதிலுள்ள ஜீவராசிகளோடு சேர்த்து விழுங்கினால் சரியாய்ப் போய்விடும் என்று பத்தியம் சொல்லி அனுப்பியதாகவும் மகாபாரதம் கூறுகிறது. இந்த வைத்தியத்தால் மூண்ட யுத்தத்தை நான் முதன்முதலில் கேள்விப்பட்டது லாயாங் லாயாங்கில்தான். கேள்விப்பட்டதோடு நில்லாமல் அதில் கலந்துகொண்டு விழுப்புண்ணும் பெற்றிருக்கிறேன்.

ஜொகூரில், குளுவாங்குக்குத் தெற்கே ரெங்கத்தைத் தாண்டி, ரயில் பாதையோரத்தில் இருக்கிறது அந்தச் சிற்றூர். லாயாங் லாயாங் என்றால் மலாய் மொழியில் காற்றாடி என்றும் பொருள், தகைவிலான் குருவி என்றும் பொருள். காற்றாடியோ குருவியோ, இரண்டும் பறக்கிறவை. ஊர் மட்டும் ரப்பர் மரங்களுக்கு நடுவே அசையாமல் உட்கார்ந்திருந்தது.

எங்கள் தோட்டத்து மாரியம்மன் கோயிலில் பாரதம் வாசித்த பெரியவர், விடியற்காலையில் பிரட்டு என்ற ஆள்கணக்குக்குப் போய்ப் பால்வெட்டி, மத்தியானம் ஒரு தூக்கம் போட்டு, இரவானதும் சாக்ஷாத் வேதவியாசர் போலத் திருநீறு துலங்க வந்து உட்கார்ந்து, வில்லிபுத்தூராரை மடியில் விரித்து, அவரிடம் அகப்படாததை வியாசரிடம் கடன் வாங்கி, இருவரிடமும் இல்லாததைத் தம் சொந்தக் கைமுதலாகப் போட்டு நிரவிவிடுவார். அக்கினி ஏழு தடவை காண்டவத்தைப் பற்றியதையும், யானைகள் துதிக்கையிலும் நாகங்கள் படத்திலும் தண்ணீர் மொண்டு வந்து ஏழு தடவையும் அணைத்துவிட்டதையும், தன் சிநேகிதன் தட்சகன் அங்கே குடியிருந்ததால் இந்திரன் மேகங்களைத் திரட்டிக்கொண்டு காவலுக்கு நின்றதையும் அவர் வர்ணித்தபோது, எனக்கு ஒரு சந்தேகம் எழுந்தது.

“ஏன் தாத்தா, அக்கினி நம்ப டிரெஸ்ஸர் ஐயாகிட்ட போயிருந்தா ஒரு மிக்ஸர் குடுத்திருப்பாரே?”

தலைவலிக்கும் தேள்கடிக்கும் மிக்ஸர் என்று ஒரே வெள்ளை மருந்துக் கலவையைக் கொடுத்து வந்த தோட்டத்து வைத்திய உதவியாளரான டிரெஸ்ஸர் அன்று முன்வரிசையிலேயே இருந்தார். சபை சிரித்தது. பெரியவர் கொஞ்சமும் கலங்கவில்லை. “மிக்ஸர் குடுத்திருந்தா அர்ச்சுனனுக்குக் காண்டீபம் எங்கடா கெடைச்சிருக்கும்?” என்றார். யோசித்துப் பார்த்தால் அது சத்தியமான பேச்சு. வருணனிடமிருந்து வில்லும், குறையாத அம்பறாத்தூணிகளும், குரங்குக் கொடி கட்டிய தேரும் அக்கினிக்குத் துணை நின்ற அர்ச்சுனனுக்கு வந்து சேர்ந்தது அந்த வயிற்றுக் கோளாறின் உபயத்தால்தான்.

தொழிலாளர் வீடுகளான லயத்துக்குப் பின்னால் ஓடைக்கரையில் இருந்த நாலைந்து ஏக்கர் பெலுக்கார் என்ற புதர்க்காடுதான் எங்கள் காண்டவ வனம். அதில் கண்ணுக்குத் தெரியாத பூனியான்கள் என்னும் காட்டு ஆவிகள் ஊர் கட்டி வாழ்வதாகவும், உள்ளே போனவனுக்கு அவர்கள் விருந்து வைத்தால் சாப்பிடக் கூடாது என்றும் மலாய்க்காரப் பிள்ளைகள் எச்சரித்திருந்தார்கள். காட்டின் வாயிலில் ஒரு பெரிய மரத்தடியில் சூலமும் சுருட்டுமாக முனியாண்டி இருந்தார். சாப்பாட்டில் எனக்கிருந்த கீர்த்தியை உத்தேசித்து பாரதக் கதையை விளையாடப் புறப்பட்ட பிள்ளைகள் என்னை ஏகமனதாக அக்கினியாக்கினார்கள். இந்திரனாக வந்தவன் மேகத்துக்குப் பதில் பால்வாளி நிறைய ஓடைத் தண்ணீரோடு மரத்தில் ஏறிக்கொண்டான். லாஸ்டிக்குகள் என்ற உண்டிவில்கள் காண்டீபமாயின. ஆனால் உண்மையான ஆக்கினேயாஸ்திரம் ரப்பர் விதைதான். வெயிலில் காய் படீரென்று வெடித்துச் சிதறும் அந்தப் புள்ளி போட்ட விதையைப் பொறுக்கி, லயத்துச் சிமெண்டுத் தரையில் விறுவிறுவென்று இருபது தேய்ப்புத் தேய்த்து, சூடு ஆறுவதற்குள் எதிரியின் புஜத்தில் அழுத்தினால், அவன் எந்தத் தேவனாயிருந்தாலும் அம்மாவைக் கூப்பிடுவான். அக்கினியான நானே அப்படிக் கூப்பிட்டேன். தழும்பு நெடுநாள் இருந்தது.

அழுதுகொண்டு போனபோது தாத்தா, “இந்தக் காட்டுல பெரிய பெரிய தொரைமாருங்களே தோத்துப் போனாங்கடா” என்று ஆறுதல் சொன்னார். மனிதர் மிகைப்படுத்துகிறார் என்றே நினைத்தேன். பிற்பாடு சரித்திரம் படித்தபோது, 1942 ஜனவரியில் ஜப்பானியர் துரத்தி வர, லாயாங் லாயாங் ரயில் பாலத்தைப் பிரிட்டிஷார் முந்திக்கொண்டு தகர்த்துவிட, 9-வது இந்திய டிவிஷனின் தளபதி பார்ஸ்டோ 28-ஆம் தேதி இங்கே உயிரிழந்ததும், பிரிந்துபோன 22-வது படைப்பிரிவு காட்டுக்குள் வழி தேடித் தேடிக் களைத்துச் சரணடைந்ததும் தெரியவந்தன. அவர்களுக்கு வாய்த்த காட்டில் வருணனும் இல்லை, தேரும் இல்லை.

எங்கள் காண்டவத்துக்கு மெய்யான அக்கினி சில வருஷங்கள் கழித்து, மறுநடவு என்ற பெயரில் வந்தான். ரப்பரை எடுத்துவிட்டுச் செம்பனை வைக்க வேண்டுமென்று மேலிடத்து உத்தரவு. மரங்களைச் சாய்த்து, காய வைத்து, நெருப்பு வைத்தார்கள். நாலு நாள் லயமெங்கும் சாம்பல் பறந்தது. காட்டுப்பன்றிகள் கங்காணி வீட்டு மரவள்ளியில் புகுந்தன. எங்கள் கோழிக்கூண்டில் ஒரு மலைப்பாம்பு, இரண்டு கோழிகளை உள்ளே தள்ளிவிட்டு, வயிறு உப்பி, அக்கினி பகவானைப் போலவே அசைய மாட்டாமல் கிடந்தது. “தட்சகன்!” என்று நான் அலறினேன். “அவன் அப்ப குருக்ஷேத்திரம் போயிருந்தான், தப்பிச்சது அவன் மகன் அசுவசேனன்” என்று திருத்திவிட்டுத்தான் பாட்டி உலக்கையைத் தேடினாள்.

பெலுக்காரை அழிக்க வந்த புல்டோசர் முனியாண்டி மரத்துக்கு முன்னால் நின்றுவிட்டது. எண்ணெய் இருந்தது, டிரைவர் இருந்தான், இயந்திரம் மட்டும் நகரவில்லை. குத்தகை எடுத்த சீனத் தவுக்கே வந்து பார்த்தார், மெக்கானிக்கை அழைத்தார், பிறகு யாரும் சொல்லாமலே கடைக்கு ஆளனுப்பி ஊதுபத்திக் கட்டும் இரண்டு சுருட்டும் வாங்கி வரச் செய்து மரத்தடியில் வைத்துக் கும்பிட்டு, எல்லைக் கயிற்றைச் சற்றுத் தள்ளிப் பிடிக்கச் சொன்னார். வஜ்ராயுதமும் ஏழுவகை மேகமும் வைத்திருந்த இந்திரனால் காப்பாற்ற முடியாத காட்டில், கால் ஏக்கரை எங்கள் முனியாண்டி இப்படிக் காப்பாற்றினார்.

மறுநாள் காலையில் போய்ப் பார்த்தபோது ஊதுபத்தி சாம்பலாகியிருந்தது. சுருட்டில் ஒன்றைக் காணோம், மற்றது பாதி வரை புகைந்து கிடந்தது. அன்றிரவு பாரதம் வாசித்த பெரியவர், வழக்கத்துக்கு விரோதமாக, வரிக்கு வரி இருமிக்கொண்டிருந்தார்.