பேய்க்குச் சம்பளம் குடுக்காதை, மோனை

உந்தக் கதையை ஒருக்காத் திருப்பிச் சொல்லு பாப்பம். வெளிநாட்டிலயிருந்து ஆறு பேர் ஊர் பாக்க வருகினம். வள்ளம் பழுதாகி ஒரு தீவில ஒதுங்குகினம். அந்தத் தீவில ஒரு பேய். இரவுக்கு ஒராளாச் சாகினம். கடைசியில மிஞ்சிறது ஒரு வடிவான பெட்டை. எல்லாம் சரி. ஆனா பேயின்ரை உடுப்பு, மயிர், பல்லு, ரத்தமெண்டு மூண்டு லட்சம் எழுதி வைச்சிருக்கிறாய். காணி ஈடு வைச்சுப் படம் எடுக்கிறவன் முதல்ல அந்த வரியை வெட்டோணும்.

எந்தத் தீவெண்டு கேட்டன், நீ "ஏதோ ஒரு தீவு" எண்டு கையை விசுக்கிறாய். உன்ரை படம் கவிழப்போறது அங்கைதான். வேலணை, புங்குடுதீவு, காரைநகர் எல்லாத்துக்கும் தாம்போதி போட்டாச்சு. உன்ரை வெள்ளைக்காரர் பேயைக் கண்டு ஓடினால் சந்தியில பஸ் ஏறி விடியமுன்னம் யாழ்ப்பாணம் வந்து பிளேன்ரீ குடிப்பினம். நயினாதீவும் சரிவராது. ஒரு பக்கம் நாகபூசணி அம்மன், மற்றப் பக்கம் விகாரை, நடுவில எந்த நேரமும் சனம். பசிச்சால் கோயில் அன்னதானம் இருக்கு. வயிறு நிறைஞ்சவனை எப்பிடியடா பயப்பிடுத்துவாய்?

ஆளில்லாத தீவுதான் வேணுமெண்டால் கச்சதீவு இருக்கு. 285 ஏக்கர், குடிக்கத் தண்ணியில்லை, அந்தோனியார் மட்டும் தனிய இருக்கிறார். வருசத்தில ஒருக்காத் திருவிழாவுக்குத்தான் ரெண்டு கரைச் சனமும் போறது. கேக்க நல்லாத்தான் இருக்கும். ஆனா உன்ரை வள்ளம் அங்கை கரைதட்டினால், பேய் எழும்பிக் கொட்டாவி விடமுன்னம் நேவி வந்திடும். 1974இல இந்தியாவும் இலங்கையும் எழுதின கச்சதீவு ஒப்பந்தத்தை இன்னும் ரெண்டு பக்கமும் பறைஞ்சு முடியேல்லை. அங்கை ஒரு பேய் இறங்கினாலும் அது எந்த நாட்டுப் பேயெண்டு ரெண்டு தலைநகரமும் அறிக்கை விடும். உன்ரை படம் செய்தியில ஓடும், தியேட்டரில ஓடாது.

அதால நெடுந்தீவுக்குப் போ. குறிகட்டுவானில வள்ளம் ஏறினால் ஒரு மணித்தியாலம். கடைசி வள்ளத்தைத் தவறவிட்டால் போதும், எஞ்சின் பழுதாகத் தேவையில்லை. உண்மையிலயே அங்கை இரவு மாட்டுப்பட்ட ஆக்கள் கனபேர். இனிச் செலவைப் பார். கோறைக்கல் வேலி தீவு முழுக்க, ஆரும் உனக்கெண்டு கட்டத் தேவையில்லை. ஒல்லாந்தன் விட்டிட்டுப் போன இடிஞ்ச கட்டடம் இருக்கு. ஆக்கள் உள்ளுக்கை நிண்டு கதைக்கக்கூடிய பெருக்குமரம் இருக்கு. போர்த்துக்கேயன் கொண்டந்து, ஒல்லாந்தன் பெருக்கி, வெள்ளைக்காரன் கைவிட்ட குதிரையள் இண்டைக்கும் சொந்தக்காரன் இல்லாமல் வெளியில மேயுது. நடுச்சாமத்தில அதிலயொண்டு வேலிக்கு அங்காலை நிண்டு மூச்சு விட்டால், கொழும்பில செய்விச்ச உன்ரை ரப்பர் பேய் வெக்கத்தில தானே மூஞ்சையைக் கழட்டும்.

பேந்து காத்து. காவோலை பனையில உரஞ்சிற சத்தத்தை றெக்கோட் பண்ணு, ஒரு சதம் கேக்காது. செங்கை ஆழியான் நெடுந்தீவுக் கதைக்கு 'வாடைக்காற்று' எண்டு பேர் வைச்சார், 1978இல படமாவும் வந்தது. காத்துக்குப் பேர் மட்டும் குடுத்தால் காணும், அது நடிக்கும்.

அமெரிக்காவில 1999இல 'பிளேர் விட்ச் புரொஜெக்ட்' எண்டு ஒண்டு வந்ததே. மூண்டு பேரைக் கமராவோடை காட்டுக்கை விட்டு, நாளுக்கு நாள் சாப்பாட்டைக் குறைச்சுக் குறைச்சு எடுத்தது. கடைசிவரைக்கும் பேயைக் காட்டேல்லை. 24 கோடி டொலருக்கு மேல அள்ளினது. நீயும் செய்யலாம். ஆனா நெடுந்தீவில நடிகரைப் பட்டினி போட ஏலாது கண்டியோ. வழி தவறி நிக்கிற ஆளைக் கண்டால் எவளாவது ஒரு ஆச்சி கூப்பிட்டு நண்டுக்கறி ஊத்துவாள். மூண்டாம் நாள் உன்ரை கதாநாயகன் கன்னம் வீங்கி நிப்பான்.

அமெரிக்கனை விடு. சிக்கனமாப் பயம் காட்டிறதுக்கு எங்கடை நாட்டை மிஞ்ச ஆரும் இல்லை. 2011 ஆவணியில உடம்பெல்லாம் கிறீஸ் பூசிக்கொண்டு இரவில வருகுதெண்டு சனம் பயந்த கிறீஸ் பூதம் வந்ததே, உனக்கு நினைவிருக்கோ? ஒரு தகரம் கிறீஸ், அவ்வளவுதான் முதலீடு. கமரா இல்லை, பாட்டில்லை, நடிகன் ஆரெண்டு இண்டைவரைக்கும் தெரியாது. நாடு முழுக்க நித்திரையில்லாமல் பொல்லோடை குந்தியிருந்தது. நாவாந்துறையில சனம் பூதத்தைக் கலைச்சுக்கொண்டு போனது. விடியக்கை பார்த்தால் அடிவாங்கினதும் சனம், பிடிபட்டதும் சனம், நூறு பேருக்கு மேல. பூதம் பிடிபடேல்லை. அந்தப் படத்தின்ரை டைரக்டரைக் கண்டால் எனக்கும் சொல்லு, ரெண்டு கேள்வி கேக்கக் கிடக்கு.

ஒண்டு மட்டும் பகிடி இல்லாமல் சொல்லுறன். வள்ளத்துக்கை கத்தியால வெட்டிற காட்சியெண்டு எழுதியிருக்கிறாய். அதை எடு. 1985 வைகாசி 15ஆம் திகதி நெடுந்தீவிலயிருந்து வெளிக்கிட்ட குமுதினி வள்ளத்தை நடுக்கடலில மறிச்சு, பெண்டுகள் குழந்தையளெண்டும் பாராமல் வெட்டினவை. அந்தச் சனத்தின்ரை சொந்தக்காரர் இப்பவும் அதே கடலாலைதான் சந்தைக்கும் ஆசுப்பத்திரிக்கும் போய் வருகினம். அவையின்ரை கண்ணுக்கு முன்னாலை வள்ளத்தில சிவப்புச் சாயம் ஊத்தி "கட்" எண்டு கத்தினாயெண்டால், உன்னைக் கலைக்கிறதுக்குப் பேய் வராது, ஊர் வரும். நானும் ஒரு பொல்லோடை பின்னாலை வருவன்.

வேறை என்ன, வெள்ளைக்காரருக்கு ஆள் தேடிறியோ? கசூரினாக் கடற்கரைப் பக்கம் போய் வெய்யில் காயிற ரெண்டு பேரிட்டைக் கேள். குளிக்கத் தண்ணியும் பின்னேரம் குளிர்ந்த கள்ளும் எண்டால் சாகவும் சம்மதிப்பினம். கள்ளை முதல் நாளே காட்டிப்போடாதை, பேந்து வசனம் வராது.

எப்ப வெளிக்கிடுறாய்? ஆனியோ? சோழகம் பிச்சுக்கொண்டு அடிக்கிற மாசம், கடல் ஆளுயரத்துக்கு எழும்பும். படத்துக்கு நல்லது, அலைக்கும் காசில்லை. போகேக்கை பத்துப் பன்ரண்டு தேசிக்காய் வாங்கி மடியில கட்டிக்கொண்டு போ. பேய்க்கெண்டு நினையாதை. குறிகட்டுவான் கரை மறையமுன்னம் உன்ரை கமராக்காரன் சத்தியெடுக்கத் துவங்குவான், அவனுக்கு மணக்கக் குடுக்க.