அக்காளை நடுவுல உக்கார வையும்

வாரும் மருமவனே. குடும்பத்தோட போட்டோ எடுக்கப் போறீராம்லா! எல்லாருக்கும் ஒரே நிறத்துல சட்டை போட்டு, தோப்புக்குள்ள ஓடுற மாதிரி எடுக்கானாம். நல்லா ஓடும். கடன்காரன் வெரட்டுறது தத்ரூபமா விழும்.

1839-ல பிரான்சுக்காரன் இந்த வித்தையை வெளிய சொன்ன காலத்துல, ஒரு படத்துக்கு நிமிசக்கணக்கா அசையாம இருக்கணும். அந்த வாசனையோ என்னமோ, நம்மூரு ஸ்டுடியோக்காரனும் மூச்சுவிட உடமாட்டான். படம் எடுத்தா ஆயுசு குறையும்னு கெழவிக வேற பயந்துக்கிட்டே உக்காரும். மொகத்தைப் பாத்தா முக்கால் உசுரு அப்பவே போயிருக்கும். பெரியவரும் ஆச்சியும் நாற்காலியில. மூத்தவன் பின்னால. மருமகமாரு ஓரத்துல. பொடிசுக தரையில சம்மணம். மணி பாக்கத் தெரியாதவரு முழுக்கைச் சட்டையை மடிச்சுவிட்டுக் கெடியாரத்தைக் காட்டிக்கிட்டு நிப்பாரு. திரையில மாளிகை, மாடிப்படி, ஊர்ல ஓலைக்கூரை. பத்திரத்துல எழுதாத பாகப்பிரிவினை பூரா அந்த ஒத்தைப் படத்துல இருக்கும்வே.

சடங்கான பிள்ளைக்குப் பூ தைச்ச சடையா? கண்ணாடிக்கு முன்னால நிறுத்தி, மொகமும் சடையும் சேந்து விழுற மாதிரி எடுப்பான். பூவுக்குக் குடுத்த துட்டு வீணாகப்படாதுல்லா! செத்தவரையும் விடல, நாற்காலியில சாச்சு வச்சுச் சுத்தி நின்னு எடுத்தாக. போன புருசனை வேற படத்துல வெட்டியெடுத்துப் பொஞ்சாதி பக்கத்துல ஒட்டிக் குடுத்த கில்லாடிகளும் உண்டு. உசுரோட இருந்தப்ப ஒண்ணா நிக்காத சோடி, சுவத்துல சண்டையில்லாம நிக்கும்.

நீரு அதையெல்லாம் கழட்டிப் பரணுல போட்டுட்டீரு. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்துல பழைய தமிழ் ஸ்டுடியோ படங்களைத் தேடிச் சேத்துப் பத்திரப்படுத்தி வச்சிருக்காக. தொரைமாருக்குத் தெரியுது உம்ம ஆச்சி அருமை!

உம்ம போனைக் கொண்டாரும். இட்லியா கெடக்கு, பிரியாணியா கெடக்கு. உம்ம அம்மை எங்கவே? நாளைக்குக் கண்ணீர் அஞ்சலி போஸ்டருக்கு ஆதார் அட்டை மொகத்தைத்தான் பெருசாக்குவீரு. அதுல எங்க அக்கா திருட்டு நகை வாங்கி மாட்டுனவ கணக்கா முழிக்கா.

அதனால ஓட்டம் துள்ளலெல்லாம் முடியட்டும். கடைசியில ஒண்ணு, அக்காளை நடுவுல உக்கார வச்சு எடும். பிரிண்டு போட்டுப் பின்னால பேரும் வருசமும் எழுதி வையும். அவளுக்கு வலப்பக்கம் ஒரு நாற்காலி காலியா இருந்தா நல்லாருக்காது. தாய்மாமன் எதுக்கு இருக்கேன்?

ஞாயித்துக்கிழமை 4.30-க்கு ராகுகாலம் வந்துரும். 3 மணிக்கே வண்டியோட வாரும். வேட்டி தொவைச்சுக் காயப் போட்டாச்சு.